ரம் செய்யும் வேலையைத் தேன் செய்யுமா?

அன்னாசிச் சாற்றைக் கிண்ணத்தில் ஊற்றி இரவு முழுக்க ஃப்ரீசரில் வைத்துப் பாருங்கள். காலையில் கரண்டி இறங்காது. அதே சாற்றில் தேங்காய்ப்பாலும் சர்க்கரையும் கொஞ்சம் ரம்மும் கலந்து, கிளறிக் கிளறி உறையவைத்தால் வழித்தெடுக்கும் பதத்தில் நிற்கும். இரண்டுக்கும் குளிர் ஒன்றுதான்.

இந்தச் சேர்மானம் கரீபியத் தீவான பியூர்ட்டோ ரிக்கோவின் பின்யா கொலாடா. 'வடிகட்டிய அன்னாசி' என்பது பெயரின் பொருள். 1954-ல் தங்கள் பார்டெண்டர் ரமோன் மர்ரேரோ உருவாக்கியது என்கிறது சான் ஜுவானின் கரீபே ஹில்டன் ஹோட்டல். அதே நகரின் பர்ராச்சினா உணவகம் 1963-ஐச் சொல்லி உரிமை கோருகிறது. 1978-ல் அது அந்தத் தீவின் அதிகாரபூர்வ பானமானது.

தண்ணீர் உறையும்போது தண்ணீரை மட்டுமே படிகமாக அடுக்கிக்கொள்ளும்; சர்க்கரையை வெளியே தள்ளிவிடும். மிச்சமுள்ள பாகு கெட்டியாகிக்கொண்டே போக, அதன் உறைநிலையும் இறங்கிக்கொண்டே போகும். அதனால் மைனஸ் 18 டிகிரியிலும் பனிப்படிகங்களுக்கு இடையே கொஞ்சம் பாகு உறையாமல் தங்கும். கரண்டி இறங்குவது அந்தப் பாகினால்தான். இனிப்புக்காகப் போடுகிறோம் என்று நாம் நினைக்கும் சர்க்கரை, உண்மையில் இந்தப் பண்டத்தின் கட்டுமானத்தையே தாங்குகிறது.

இங்கே கணக்கில் வருவது எடையல்ல, மூலக்கூறுகளின் எண்ணிக்கை. சர்க்கரை மூலக்கூறு ஆல்கஹால் மூலக்கூற்றைவிட ஏழு மடங்குக்கும் மேல் கனமானது. ஆகவே ஒரு கிராம் ஆல்கஹாலில் ஏழு மடங்கு அதிக மூலக்கூறுகள். 40 சதவீத ரம்மில் இரண்டு மேசைக்கரண்டி, அதாவது 30 மில்லி, ஊற்றினால் உறைநிலையை இறக்குவதில் சுமார் 70 கிராம் சர்க்கரைக்குச் சமம். அரை டம்ளராகக் கூட்டினால் உறையாமல் கூழாகவே கிடக்கும்.

ரம் வேண்டாதவர்களுக்குத் தேன் இருக்கிறது. தேனில் பெரும்பகுதி குளுக்கோஸும் ஃபிரக்டோஸும். இரண்டும் சர்க்கரை மூலக்கூற்றில் ஏறக்குறைய பாதி எடைதான். கணக்குப் போட்டால், இரண்டு மேசைக்கரண்டி ரம் செய்யும் வேலையில் பெரும்பங்கை இரண்டு மேசைக்கரண்டி தேன் செய்துவிடுகிறது. ரம்மின் மணம் வராது, மென்மை வரும். எனக்கு அது போதும், வீட்டில் எல்லோரும் சாப்பிடலாம். ஒரு வயது நிரம்பாத குழந்தைக்கு மட்டும் தேன் கூடாது.

அரை கிலோ அன்னாசிச் சதை, 200 மில்லி முதல் தேங்காய்ப்பால், 120 கிராம் சர்க்கரை, இரண்டு மேசைக்கரண்டி தேன், அரை மூடி எலுமிச்சை. எல்லாவற்றையும் அரைத்து ருசி பார்த்தால் தித்திப்பு தூக்கலாக இருக்கும், குறைக்காதீர்கள். குளிரில் நாக்குக்கு இனிப்பு மந்தமாகத்தான் தெரியும். தேங்காய்ப்பாலுக்குப் பதில் பசும்பால் சேர்க்கலாமா என்றால், பச்சை அன்னாசியோடு வேண்டாம். அதிலுள்ள புரோமலின் என்ற நொதி பாலின் கேசீன் புரதத்தைச் சிதைத்துக் கசப்பாக்கிவிடும். தேங்காய்ப்பாலில் கேசீன் கிடையாது. மார்கழியில் தேங்காய் எண்ணெய் உறைவதைப் போல அதன் கொழுப்பும் குளிரில் இறுகி, வழவழப்பையும் தரும்.

அகலத் தட்டில் ஊற்றி ஃப்ரீசரில் வைத்து, அரை மணிக்கு ஒருமுறை முள்கரண்டியால் ஓரத்திலிருந்து கிளறிவிடுங்கள். மூன்று நான்கு முறை செய்யலாம். இதைச் சோம்பலில் விட்டால் படிகங்கள் பெரிதாக வளர்ந்து நாக்கில் மணல்போல நெருடும். முழுதாக இறுகியபின், பரிமாறுவதற்கு ஐந்து நிமிடம் முன்னால் வெளியே எடுத்து வையுங்கள்.