சத்திக்கு மருந்து: யாருக்கு, எப்போது?

பிள்ளை இரண்டு தரம் சத்தி எடுத்துவிட்டால் பாண்டிருப்பிலும் கல்முனையிலும் பலர் முதலில் ஓடுவது பார்மசிக்குத்தான். வீட்டில் பழைய டொம்பெரிடோன் சிரப் மிச்சமிருந்தால் அந்த ஓட்டமும் இல்லை.

அந்தப் போத்தலைத் திறக்காதிருப்பதே நல்லது. டொம்பெரிடோன் இதயத் துடிப்பின் ஒழுங்கைக் குலைக்கக்கூடும்; சத்திக்கு அது சிறு பிள்ளைகளிடம் பெரிதாக வேலை செய்வதுமில்லை. பிரித்தானியாவில் 12 வயதுக்குக் குறைந்தோருக்கான அனுமதியை 2019இல் நீக்கிவிட்டார்கள்.

ஒன்டான்செட்ரோன் சங்கதி வேறு. புற்றுநோய் சிகிச்சையில் வரும் குமட்டலுக்காக வந்த மருந்து அது. வயிற்றோட்டமும் சத்தியுமாக வந்த 215 பிள்ளைகளிடம் நடந்த அமெரிக்க ஆய்வொன்று 2006இல் வெளியானது. ஒரேயொரு வேளை மருந்து பெற்றவர்களில் 14 சதவீதத்தினரே பிறகு சத்தி எடுத்தார்கள். வெற்று மாத்திரை பெற்றவர்களில் 35 சதவீதம். சேலைன் ஏற்ற வேண்டியவர்களும் பாதிக்கு மேல் குறைந்தார்கள். வயிற்றோட்டம் மட்டும் கொஞ்சம் கூடியது. எடை பார்த்து அளவைச் சொல்ல வேண்டியவர் டொக்டர்.

எந்த மருந்தானாலும் நீரிழப்பை ஈடுசெய்யும் ஜீவனிக் கரைசலுக்குத் துணைதான். பக்கற்றில் உள்ளபடி கரைத்து, சில நிமிடத்துக்கு ஒரு தேக்கரண்டியாகக் கொடுக்க வேண்டும். தாகத்தில் தவிக்கிறதே என்று கோப்பையோடு கொடுத்தால் அப்படியே திரும்பி வரும். சத்தி பச்சையாகவோ இரத்தத்தோடோ வந்தால், பிள்ளை துவண்டு கிடந்தால், வெகுநேரம் சிறுநீர் போகாவிட்டால் உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டும்.