முரணை அவிழ்க்கும் ஏழு கூற்றுகள்

ஒரே பொருளை ‘உண்டு’ என்றும் ‘இல்லை’ என்றும் சொன்னால் அது முரண்தானே? சமணர்களின் சியாத்வாதம் ‘ஒரு நோக்கில்’ என்ற நிபந்தனையைச் சேர்த்து இந்த முரணை அவிழ்க்கிறது. உண்டு, இல்லை, சொல்ல இயலாது என்ற மூன்றும் தனித்தும் கூடியும் 7 கூற்றுகளாகின்றன. உதாரணமாக, நீலப் பாவில் பச்சை ஊடை ஓடிய பட்டு, பார்க்கும் கோணத்துக்கேற்ப நிறம் மாறும். இரண்டு நிறமும் உண்மையே. எதிரெதிர்த் தன்மைகள் ஒரே பொருளில் பொருந்தா என்று இக்கோட்பாட்டை மறுத்தார், சின்ன காஞ்சி வரதராஜப் பெருமாளுக்குத் தொண்டு செய்த ராமானுஜர். ஒரே நோக்கில் பொருந்தா என்பதைச் சமணரும் ஏற்கிறார்கள். நோக்கு வேறானால் முரணே இல்லை என்பதுதான் அவர்கள் வாதம். ஆகவே, ஒருவரை மறுக்குமுன் அவர் எந்த நோக்கில் பேசுகிறார் என்று கேளுங்கள்.