கூண்டில் கடல் தாண்டிய கொண்டைக்கிளி

மாணவர்களே, ஜொகூர் மாநிலத்தின் மிக உயர்ந்த மலை எது? 1,276 மீட்டர் உயரமுள்ள குனோங் லேடாங் என்று உடனே சொல்லிவிடுவீர்கள். 1854ஆம் ஆண்டு ஓர் ஆங்கிலேய இயற்கை ஆய்வாளர் அந்த மலையில் ஏறினார். அவர்தான் ஆல்ஃபிரட் ரஸ்ஸல் வாலஸ்.

இரண்டு ஆண்டுகள் கழித்து, 1856 ஜூன் மாதம், அவர் பாலித் தீவிலிருந்து லோம்போக் தீவுக்குக் கப்பலில் சென்றார். இடையே இருப்பது சுமார் 35 கிலோமீட்டர் கடல்தான். ஆனால், பாலியில் காணாத ஒரு பறவை லோம்போக்கில் கூட்டம் கூட்டமாக இருந்தது. வெள்ளை உடல், தலையில் மஞ்சள் கொண்டை, காதைத் துளைக்கும் குரல். மலாய் மொழியில் 'காகாதுவா' என்கிறோமே, அந்தக் குடும்பத்தைச் சேர்ந்த மஞ்சள் கொண்டைக்கிளி அது.

இவ்வளவு குறுகிய கடலைக் கடந்ததும் பறவைகள் ஏன் மாறின? விடை கடலடியில் இருக்கிறது. பனி யுகத்தில் கடல் மட்டம் இன்றையதைவிடச் சுமார் 120 மீட்டர் தாழ்ந்திருந்தது. அப்போது பாலி, ஜாவா, சுமத்ரா, போர்னியோ ஆகியவை மலாய்த் தீபகற்பத்தோடு ஒரே நிலமாக இணைந்திருந்தன. லோம்போக் நீரிணையோ 250 மீட்டருக்கும் அதிக ஆழம் கொண்டது. அது வற்றவே இல்லை. ஆசிய உயிரினங்களுக்கும் ஆஸ்திரேலியப் பக்கத்து உயிரினங்களுக்கும் இடையே அது வேலியாக நின்றது. அந்த எல்லைக்கு இன்று 'வாலஸ் கோடு' என்று பெயர்.

நாம் வாழும் ஜொகூர் அந்தக் கோட்டுக்கு இந்தப் பக்கம் உள்ளது. இங்குள்ள காடுகளில் மஞ்சள் கொண்டைக்கிளி இயற்கையாக வாழ்ந்ததில்லை. ஆனால், நீரிணையின் மறுகரையில் உள்ள சிங்கப்பூரில் அது சுதந்திரமாகப் பறக்கிறது. ஹாங்காங்கில் ஏறக்குறைய 200 கிளிகள் உள்ளன. இவை எப்படி வந்தன? மனிதர்கள் கூண்டில் கொண்டுவந்தார்கள். தப்பியவையும் திறந்துவிடப்பட்டவையும் நகர மரங்களில் பெருகின.

சொந்த ஊரிலோ நிலைமை தலைகீழ். 1981 முதல் 1992 வரை இந்தோனேசியாவிலிருந்து 96,785 மஞ்சள் கொண்டைக்கிளிகள் ஏற்றுமதியானதாகப் பதிவுகள் கூறுகின்றன. பதிவு இல்லாமல் போனவை தனி. இன்று காட்டில் எஞ்சியிருக்கும் வளர்ந்த கிளிகள் 1,200 முதல் 2,000 வரைதான் என்பது மதிப்பீடு. வாலஸ் வியந்து பார்த்த லோம்போக்கில் இந்த இனம் அநேகமாக அழிந்தே போய்விட்டது. அழிவின் விளிம்பில் உள்ள இனமாக இதை உலகச் சிவப்புப் பட்டியல் குறிப்பிடுகிறது.

இழந்த எண்ணிக்கையை இந்தக் கிளியால் விரைவில் ஈடுகட்ட முடியாது. ஒரு முறைக்கு இரண்டு அல்லது மூன்று முட்டைகளே இடும். மரங்கொத்தியைப் போல மரத்தைக் குடைந்து கூடு அமைக்கவும் அதற்குத் தெரியாது; வயதான பெரிய மரங்களில் ஏற்கெனவே உள்ள பொந்துகள் வேண்டும். அந்த மரத்தை வெட்டினால் கூடு இல்லை. குஞ்சுகளைத் திருடினால் அடுத்த தலைமுறை இல்லை. பல பத்தாண்டுகள் வாழும் பறவை என்பதால் மரத்தில் கிழட்டுக் கிளிகள் தொடர்ந்து தென்படும். "கிளிகள்தான் இருக்கின்றனவே" என்று நாமும் ஏமாந்துவிடுவோம்.

2005 முதல், காட்டில் பிடித்த இந்தக் கிளிகளை அனைத்துலக அளவில் வணிகம் செய்வதற்குத் தடை உள்ளது. ஆனாலும் 2015 மே மாதம் சுராபாயா துறைமுகத்தில் இருபதுக்கும் மேற்பட்ட கிளிகள் பிடிபட்டன. அவற்றை அடைத்து வைத்திருந்தது எதில் தெரியுமா? காலித் தண்ணீர்ப் போத்தல்களில்! அதைக் கேள்விப்பட்ட இந்தோனேசிய மக்கள் பலர், வீட்டில் வளர்த்த கொண்டைக்கிளிகளைத் தாமாகவே அரசிடம் ஒப்படைத்தனர்.

மீட்ட கிளிகளை உடனே காட்டில் விட்டுவிடலாமே என்று கேட்பீர்கள். கூண்டில் தொற்றிய நோய் காட்டுக் கிளிகளுக்கும் பரவலாம். தீவுக்குத் தீவு துணையினம் வேறு என்பதால், எந்தக் கிளி எந்தத் தீவினுடையது என்றும் கண்டறிய வேண்டும். பிடிப்பது எளிது; திருப்பி அனுப்புவது கடினம்.

அடுத்த முறை பறவைக் கடையிலோ இணைய விளம்பரத்திலோ ஒரு கொண்டைக்கிளியைப் பார்த்தால், விலையைக் கேட்காதீர்கள். "இது எங்கே பிறந்தது? அதற்கான அனுமதிப் பத்திரம் எங்கே?" என்று கேளுங்கள். தெளிவான பதில் வராவிட்டால் பெரியவர்களிடம் சொல்லி, வனவிலங்குத் துறையான பெர்ஹிலித்தானுக்குத் தெரியப்படுத்துங்கள். வாங்குபவர் இல்லையென்றால் மரம் ஏறிக் குஞ்சைத் திருடுபவருக்கும் வேலை இல்லை.