"கிரீஸ் பூதம்" வருது!
தூக்கம் தொலைத்த இலங்கைக் கிராமங்கள்

பொழுது சாய்ந்தால் போதும். வீட்டுக்கு வீடு கதவைத் தாழ்ப்பாள் போட்டு விடுவார்கள். பெண்களும் பிள்ளைகளும் ஒரே வீட்டில் கூடிப் படுப்பார்கள். ஆம்பிளைகள் கம்பும் கையுமாகத் தெருமுனையில் காவல்!

2011 ஆகஸ்ட் மாதம் இலங்கையில் பல கிராமங்கள் இப்படித்தான் இருந்தன. காரணம், "கிரீஸ் பூதம்."

யார் அந்தப் பூதம்?

அந்தக் காலத்துத் திருடர்கள் உடம்பு முழுக்க கிரீஸ் பூசிக் கொண்டு வருவார்களாம். பிடித்தால் வழுக்கிக் கொண்டு ஓடி விடலாம் அல்லவா? சிங்களத்தில் "கிரீஸ் யக்கா" என்று பெயர். யக்கா என்றால் பேய்.

2011-ல் வந்த ஆசாமி திருட வரவில்லை. தனியாக இருந்த பெண்கள் மீது பாய்ந்தான், கீறினான், மறைந்தான் என்று ஊர் ஊராகப் புகார். மலையகத்தில் கிளம்பிய பீதி மட்டக்களப்பு, திருகோணமலை, புத்தளம், யாழ்ப்பாணம் என்று பரவியது. ஒருத்தனா, பல பேரா? எதுக்கு வர்றான்? யாருக்கும் புரியவில்லை.

சந்தேகம் குடித்த உயிர்கள்

புதுமுகம் தெரிந்தாலே ஆபத்து என்றாகி விட்டது. அப்புத்தளைப் பக்கம் இரண்டு பேரைப் பூதம் என்று சந்தேகித்து மக்களே கொன்று விட்டனர். புத்தளத்தில் ஆத்திரக் கூட்டத்திடம் சிக்கி ஒரு போலீஸ்காரர் பலியானார்.

கிண்ணியாவில், "அதோ ஓடுறான்!" என்று துரத்தியவர்கள், அவன் கடற்படை முகாமுக்குள் புகுந்து விட்டான் என்று முகாமையே முற்றுகையிட்டனர்.

யாழ்ப்பாணம் நாவாந்துறையிலும் இதே கதை. துரத்திய மக்கள் ராணுவ முகாம் வாசலில் போய் நின்றனர். அன்று இரவே வீடு வீடாகப் புகுந்து, 100-க்கும் மேற்பட்ட ஆண்களை அடித்து இழுத்துச் சென்றனர். பாதிக்கப்பட்டவர்கள் சுப்ரீம் கோர்ட்டு வரை போனார்கள்.

நம்பிக்கை எங்கே?

"பூதமாவது, ஒன்றாவது! எல்லாம் வதந்தி" என்றது அரசாங்கம். மக்கள் நம்பவில்லை. வதந்தி என்றால் உடம்பில் கீறல் எப்படி வந்தது என்று கேட்டார்கள்.

போர் முடிந்து அப்போது இரண்டு வருஷம்தான் ஆகியிருந்தது. அவசரச் சட்டத்தை விலக்கிக் கொள்வதாக அறிவித்ததும் அதே ஆகஸ்ட் மாதம்தான். "ராணுவத்தை ஊரிலேயே வைத்திருக்க இது ஒரு சாக்கோ?" என்ற பேச்சும் கிளம்பியது. காவல் காக்க வேண்டியவன் மீதே சந்தேகம் வந்தால், ஜனங்கள் கம்பைத்தானே நம்புவார்கள்?

சில வாரங்களில் பீதி அடங்கியது. பூதம் யார் என்பது மட்டும் கடைசி வரை துலங்கவில்லை. அடிபட்டதும் செத்ததும் மனுஷன்தான்!