வாசலுக்கு வரும் நீதிமன்றம்

சொத்து வழக்கு என்றதும் நீதிமன்ற மண்டபமும் கறுப்பு அங்கியும் நம் நினைவுக்கு வருகின்றன. ஆயினும் பல வழக்குகளில் முக்கியமானதொரு நாள் நம் வீட்டு வாசலிலேயே கழிகின்றது. நீதிமன்றம் நியமித்த வழக்கறிஞர் ஆணையர் அளவு நாடாவுடன் இடத்தைப் பார்வையிட வரும் நாளே அது. அதன் அருமையை உணராமல் கதவைப் பூட்டிவிட்டு வெளியே சென்றுவிடுவோர் உண்டு.

இராயபுரம் முதல் எண்ணூர் வரை சுவரோடு சுவர் ஒட்டிய வீடுகள் ஏராளம். பொதுச்சுவர் யாருடையது, சந்தில் நடைவழி எவ்வளவு, மாடிப்படி எவர் எல்லையில் நிற்கிறது என்பன போன்ற தகராறுகளைப் பத்திரத்தை மட்டும் படித்துத் தீர்க்க இயலாது. ஆகவேதான் 1908ஆம் ஆண்டின் உரிமையியல் விசாரணை முறைச் சட்டம், 26ஆம் கட்டளை 9ஆம் விதியின்படி, ஆணையரை அனுப்பும் அதிகாரத்தை நீதிமன்றத்துக்கு அளித்துள்ளது.

ஆணையர் தீர்ப்புக் கூற வருபவர் அல்லர். அன்று அவ்விடத்தில் கண்டதை அளந்து, தேவையானால் சர்வேயரின் உதவியுடன் வரைபடம் தயாரித்து, அறிக்கை அளிப்பதே அவர் பணி. சொத்து யாருடைய அனுபவத்தில் உள்ளது என்பதைச் சாட்சியத்தால்தான் மெய்ப்பிக்க வேண்டும். அதற்காக ஆணையரை அனுப்ப இயலாது என்று சென்னை உயர் நீதிமன்றம் பலமுறை கூறியுள்ளது.

எனினும் அவ்வறிக்கை சாட்சியமாகி வழக்கின் ஆவணங்களுள் சேர்ந்துவிடுகிறது. அதன் ஆயுள் எத்துணை நீண்டது என்பதற்கு அயோத்தி வழக்கே சான்று. 1950 ஏப்ரல் 1 அன்று நியமிக்கப்பட்ட ஆணையரான வழக்கறிஞர் சிவசங்கர் லால், ஜூன் 25 அன்று இரு வரைபடங்களுடன் அறிக்கை அளித்தார். 1992 டிசம்பர் 6இல் பாபர் மஸ்ஜித் இடிக்கப்பட்டது. கட்டடம் மறைந்த பின்னரும், 2010இல் அலகாபாத் உயர் நீதிமன்றம் இடத்தின் எல்லையைக் குறிக்க அந்த வரைபடத்தின் எழுத்துகளையே எடுத்தாண்டது. அறுபது ஆண்டுகளுக்கு முன் ஒருவர் வரைந்த கோடுகள் அவை!

எனவே, ஆணையரின் அறிவிப்பு கிடைத்ததும் நம் வழக்கறிஞரிடம் தெரிவித்து, பத்திரம், பட்டா, வரி ரசீதுகளுடன் அந்நேரத்தில் வீட்டில் இருத்தல் வேண்டும். நாம் வராவிட்டாலும் அவர் பணியைத் தொடரச் சட்டம் இடமளிக்கிறது. அண்டை வீட்டாருடன் அங்கு வாக்குவாதம் வேண்டா. எந்தச் சுவரை அளக்க வேண்டும், எந்த வழியைக் குறிக்க வேண்டும் என்பதை எழுத்திலேயே கொடுத்தல் நலம். அறிக்கையில் குறை கண்டால் காலந்தாழ்த்தாமல் ஆட்சேபணை தாக்கல் செய்யலாம். ஆணையரை நீதிமன்றத்தில் விசாரிக்க அனுமதி கேட்கலாம். நீதிபதிக்கும் நிறைவில்லையெனில் மேலும் ஆய்வு செய்ய உத்தரவிடுவார்.

பாகப்பிரிவினை வழக்கிலும் ஆணையர் வருவார். பெற்றோர் மறைந்து, இரு மகன்களும் ஒரு மகளும் மட்டுமே வாரிசுகள் எனக் கொள்வோம். ஷரீஅத் முறைப்படி ஐந்து பங்கில் மகளுக்கு ஒன்று. வீடு 600 சதுர அடியானால் அவள் பங்கு 120 சதுர அடி. அதில் ஒரு குடும்பம் எங்ஙனம் வாழும்? பிரிக்க இயலாத வீட்டை விற்றுத் தொகையைப் பங்கிட, பாதிக்குக் குறையாத பங்குடையோரின் வேண்டுகோளின் மேல் 1893ஆம் ஆண்டின் பாகப்பிரிவினைச் சட்டம் வழி செய்கிறது. ஆனால் அந்நிலை வருமுன் செலவும் ஆண்டுகளும் கழிந்துவிடுகின்றன.

சகோதரியின் பங்கு சூரத்துந் நிஸாவில் வரையறுக்கப்பட்ட ஒன்று. அதை மறுத்துவிட்டு, நீதிமன்றத்தின் அளவு நாடா வந்து அளக்கட்டும் என்று காத்திருப்பது நமக்கு அழகன்று. ஜமாஅத் பெரியவர்கள் முன்னிலையில் உடன்பிறந்தோர் அமர்ந்து பேசி, முடிவை முறைப்படி பத்திரப் பதிவு செய்துகொண்டால், ஆணையர் நம் வாசலுக்கு வரவேண்டிய தேவையே எழாது.