சாட்சி சொல்லப் பயமா? பாதுகாப்பு கேட்டு மனு போடலாம்!

மான்குர்த் ரெயில் நிலையத்தில் இறங்கி லல்லுபாய் காம்பவுண்டுக்கோ, மகாராஷ்டிரா நகருக்கோ போனால், ஒன்றை ஒன்று ஒட்டிய வீடுகள்தான். வெட்டியவனும் அதே கட்டடம். வெட்டுப்பட்டவனும் அதே கட்டடம். கண்ணால் பார்த்தவனும் அதே கட்டடம்! கேஸ் நடந்தால், சாட்சிக்காரர் தினமும் எதிரியின் வாசலைத் தாண்டித்தான் வேலைக்குப் போகவேண்டும்.

"பிழைக்க வந்த இடத்தில் நமக்கு எதற்கு வம்பு?" என்று பலர் வாயை மூடிக்கொள்வது இதனால்தான். சாட்சி வாயை மூடினால் குற்றவாளி தப்பிவிடுகிறான். ஆனால், பயப்படும் சாட்சிக்கும் சட்டத்தில் வழி உண்டு.

சாத்தான்குளம் பெண் ஏட்டு

நெல்லை, தூத்துக்குடி சீமையிலிருந்து வந்தவர்கள் சாத்தான்குளம் வழக்கை மறந்திருக்க மாட்டார்கள். ஊரடங்கு நேரத்தை மீறி செல்போன் கடையைத் திறந்து வைத்ததாக வியாபாரி ஜெயராஜும், மகன் பென்னிக்சும் 2020 ஜூன் 19-ந் தேதி போலீஸ் நிலையத்துக்குக் கொண்டுபோகப்பட்டனர். 22-ந் தேதி இரவு மகனும், மறுநாள் தந்தையும் கோவில்பட்டி ஆஸ்பத்திரியில் இறந்தனர்.

ஐகோர்ட்டு மதுரைக் கிளை தானாகவே வழக்கை எடுத்தது. விசாரிக்கப் போன கோவில்பட்டி மாஜிஸ்திரேட்டையே போலீசார் சிலர் ஏளனம் செய்தனர். அங்கே உண்மையைச் சொன்னவர் அதே நிலையத்தின் பெண் ஏட்டு ஒருவர். இரவெல்லாம் இருவரையும் அடித்ததாக அவர் சொன்னார். ஆனால், கையெழுத்துப் போடப் பயந்தார். உடன் வேலை பார்ப்பவர்களுக்கு எதிராக அல்லவா சாட்சி!

மாஜிஸ்திரேட்டின் அறிக்கையைப் பார்த்த ஐகோர்ட்டு, அந்த ஏட்டுக்கும் அவர் குடும்பத்துக்கும் பாதுகாப்புக் கொடுக்க உத்தரவிட்டது. பின்னர் சி.பி.ஐ. விசாரித்து, போலீசார் 9 பேர் மீது குற்றப்பத்திரிகை தாக்கல் செய்தது.

சுப்ரீம் கோர்ட்டுத் திட்டம்

இதற்கு முன்பே, சாமியார் ஆசாராம் மீதான வழக்குகளில் சாட்சிகள் தாக்கப்பட்டனர், சிலர் கொல்லப்பட்டனர். சாட்சிகளில் ஒருவரான மகேந்தர் சாவ்லா முதலியோர் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார்கள். 2018 டிசம்பர் 5-ந் தேதி நீதிபதிகள் சிக்ரி, அப்துல் நசீர் இருவரும் சாட்சிப் பாதுகாப்புத் திட்டத்தை நாடு முழுவதற்கும் சட்டமாக்கித் தீர்ப்பளித்தனர். 2024 ஜூலை 1-ந் தேதி அமலுக்கு வந்த புதிய குற்ற நடைமுறைச் சட்டமும், ஒவ்வொரு மாநிலமும் இப்படி ஒரு திட்டம் வகுக்கவேண்டும் என்கிறது.

மனு போடுவது எப்படி?

சாட்சியோ, அவர் குடும்பத்தாரோ, வக்கீலோ, விசாரணை அதிகாரியோ மனு கொடுக்கலாம். மாவட்ட செஷன்ஸ் நீதிபதி தலைமையிலான கமிட்டி அதைப் பரிசீலிக்கும். ஆபத்து எவ்வளவு என்று உதவி கமிஷனர் அல்லது டி.எஸ்.பி. 5 வேலை நாட்களில் அறிக்கை தரவேண்டும். அறிக்கை வந்தபின் 5 வேலை நாட்களில் மனுவை முடிக்கவேண்டும். அவசரமானால் இடைக்காலப் பாதுகாப்பும் உண்டு. விசாரணை ரகசியமாக நடக்கும்.

வீட்டருகே போலீஸ் ரோந்து, தற்காலிகமாக வேறு வீடு, கோர்ட்டுக்குப் போய்வர சர்க்கார் வண்டி, எதிரியை நேருக்கு நேர் பார்க்காமல் சாட்சி சொல்ல வசதி — ஆபத்துக்கு ஏற்ப இவற்றில் எதையும் கேட்கலாம்.

ஆனால், சாதாரணக் குழாயடிச் சண்டைக்கு இது கிடையாது. பெண்களுக்கு எதிரான சில குற்றங்களைத் தவிர, 7 ஆண்டு அல்லது அதற்கு மேல் தண்டனைக்குரிய குற்றமாக இருக்கவேண்டும். பாதுகாப்பும் ஒரு தடவைக்கு 3 மாதம் வரைதான். பிறகும் ஆபத்து இருந்தால் மீண்டும் கேட்கவேண்டும்.

மனு பலிக்காவிட்டால் பம்பாய் ஐகோர்ட்டில் ரிட் மனு போடலாம். வக்கீலுக்குப் பணம் இல்லையே என்று தயங்க வேண்டாம். பெண்கள், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், ஆலைத் தொழிலாளர்கள் ஆகியோருக்கு வருமானம் பார்க்காமலே இலவச சட்ட உதவி கிடைக்கும். டெலிபோன் எண்: 15100.

மிரட்டல் வந்தால் தேதி, நேரம், சொன்ன வார்த்தை மூன்றையும் அன்றே எழுதி வைப்பது நல்லது. பொய்ச் சாட்சி சொல்லும்படி மிரட்டுவதே 7 ஆண்டு வரை சிறைத் தண்டனைக்குரிய தனிக் குற்றம். ஊரை விட்டு ஓடுவதற்கு முன்பு ஒரு மனு எழுதிப் பார்க்கலாமே!