பட்டாவில் வேறு பெயரா? பழைய பதிவேட்டைத் தேடுங்கள்

தாத்தா காலத்திலிருந்து உழுதுவரும் நிலம். கிரயப் பத்திரமும் கையில் இருக்கிறது. மகள் கல்யாணச் செலவுக்கு விற்கப் போகும்போதுதான், பட்டா பக்கத்துக் காட்டுக்காரர் பெயரில் இருப்பது தெரிகிறது. உடனே மக்கள் குறைதீர்க்கும் நாளில் கலெக்டரிடம் மனு, அடுத்த வாரம் இன்னொரு மனு. அந்த மனு சுற்றிச் சுற்றித் தாசில்தார் மேசைக்கே வரும்; "நீதிமன்றத்தை அணுகவும்" என்ற ஒற்றை வரியோடு முடியும். ஊருக்கு ஊர் இதே கதைதான்.

இந்தச் சிக்கல்களில் பல, 1979-ல் தொடங்கி 80-களில் நடந்த யு.டி.ஆர். என்னும் நிலவுடைமைப் பதிவு மேம்பாட்டுப் பணியில் பிறந்தவை. பெயர் மாறியது, உட்பிரிவு விட்டுப்போனது, பட்டா நிலம் புறம்போக்கு ஆனது. ஏக்கர், சென்ட் கணக்கு ஹெக்டேர், ஏருக்கு மாறியபோது பரப்பும் பல இடங்களில் குறைந்தது. பத்திரத்தில் 1 ஏக்கர் 20 சென்ட் என்றால், பட்டாவில் ஏறக்குறைய 0.48.5 ஹெக்டேர் இருக்க வேண்டும். 0.40.5 என்று இருந்தால் 20 சென்ட் காணாமல் போயிருக்கிறது. இன்றே உங்கள் பட்டாவை எடுத்து இந்தக் கணக்கைப் போட்டுப் பாருங்கள். ஒரு ஏர் என்பது 2.47 சென்ட்.

மனு எழுதும் முன் காகிதம் சேருங்கள். யு.டி.ஆருக்கு முந்தைய 'அ' பதிவேட்டின் சான்றிட்ட நகல்தான் முதல் தேவை. தாலுகா அலுவலகத்தில் "இல்லை" என்று கைவிரித்தால் விட்டுவிடாதீர்கள். கலெக்டர் அலுவலக ஆவணக் காப்பறையில் எழுத்து மூலம் கேளுங்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போட்டால் 30 நாளில் பதில் தந்தாக வேண்டும். பழைய சர்வே எண்ணுக்குப் புதிய எண் எது என்று காட்டும் ஒப்பீட்டுப் பதிவேட்டையும் கூடவே கேளுங்கள். இது இல்லாமல், பத்திரத்தில் உள்ள நிலமும் பட்டாவில் உள்ள நிலமும் ஒன்றுதான் என்று யாரிடமும் நிரூபிக்க முடியாது. மூலப் பத்திரம், வில்லங்கச் சான்று, புலப்படம், பழைய தீர்வை ரசீது ஆகியவையும் வேண்டும். பதிவாளர் அலுவலகத்தில் வில்லங்கம் போடும்போது பழைய எண், புதிய எண் இரண்டுக்கும் போடுங்கள்.

பழைய பதிவேட்டில் உங்கள் முன்னோர் பெயர் இருந்து யு.டி.ஆரில் மாறியிருந்தால், அது பதிவுப் பிழை. பிழையின் தன்மையைப் பொறுத்து மனு கோட்டாட்சியரிடமோ மாவட்ட வருவாய் அலுவலரிடமோ போகும். சாதாரணப் பட்டா மாறுதல் என்றால் தாசில்தார். அவர் உத்தரவு பாதகமானால் 1983-ம் ஆண்டுப் பட்டா பாஸ் புத்தகச் சட்டத்தின் 12-வது பிரிவில் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு, 13-வது பிரிவில் மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வு. வாய்மொழியாக "முடியாது" என்றால் நகராதீர்கள். காரணத்தோடு எழுத்தில் உத்தரவு கேளுங்கள். அந்த உத்தரவு இல்லாமல் மேல்முறையீடே இல்லை. இது தெரிந்துதான் பல அலுவலகங்களில் எழுத்தில் தர மறுக்கிறார்கள்.

எதிர்த்தரப்பும் பத்திரம் காட்டினால் கதை வேறு. யாருடைய நிலம் என்று தீர்மானிக்கும் அதிகாரம் வருவாய்த் துறைக்குக் கிடையாது. பட்டாவே உரிமையைத் தந்துவிடாது என்பதை நீதிமன்றங்கள் பலமுறை சொல்லிவிட்டன. உரிமை விளம்புகை வழக்கைச் சிவில் நீதிமன்றத்தில்தான் போட வேண்டும். அதற்குப் பொதுவாக 3 ஆண்டுதான் காலவரம்பு. புறம்போக்கு என்று பதிவாகி அரசையே எதிர்க்க வேண்டியிருந்தால், வழக்குக்கு இரண்டு மாதம் முன்பு சட்டப்படி அறிவிப்பு அனுப்ப வேண்டும். அவசர நிவாரணம் தேவையென்றால் மட்டும் நீதிமன்ற அனுமதியோடு விலக்கு உண்டு.

தாலுகா அலுவலக வாசலில் "பேரை மாத்தித் தர்றேன்" என்று முன்பணம் கேட்பவரிடம் மூலப் பத்திரத்தைத் தராதீர்கள். மறுபடியும் சொல்கிறேன், யாரிடமும் மூலப் பத்திரத்தைத் தராதீர்கள்; நகல் போதும். கொடுக்கும் ஒவ்வொரு மனுவுக்கும் தேதியிட்ட ஒப்புகைச் சீட்டு வாங்கிக்கொண்டு வெளியே வாருங்கள்.